மார்கிரட்டின் இடப்பக்கத்து மேளம்

அன்று நான் மேளத்தை அடிக்கவே இல்லை.

அடிக்க வேண்டிய நேரத்தில், பஸ் டியூட்டி அட்டையின் பின்பக்கத்தில் ஒரு வரி எழுதிக்கொண்டிருந்தேன். மழையைப் பற்றிய வரி. இப்போது நினைவில் இல்லை. நல்ல வரியாக இருந்திருந்தால் நின்றிருக்கும். தலையை நிமிர்த்தியபோது கதவுக்கு அப்பால் கோரஸ் முனகி முடித்திருந்தது. என்னுடைய மூன்று அடிகள் விழ வேண்டிய இடத்தைப் பாட்டு தாண்டிப் போயிருந்தது.

நான் இருந்தது விம்பிள்டனில் ஒரு தேவாலய மண்டபத்தின் பக்க நடை. மடக்குக் கதிரைகளும் பழைய நத்தார் மரமும் அடுக்கியிருக்கும் இடம். எனக்கு முன்னால் ஒரு சின்னத் தொலைக்காட்சி. மேடை விளிம்பில் பூட்டிய கமராவிலிருந்து இசை நடத்துநர் மார்கிரட்டின் முகமும் கையும் அதில் நீலமாகத் தெரியும். அந்தக் கையைப் பார்த்து, கதவுக்கு வெளியே நின்று, ஒபரா என்கிற மேல்நாட்டுப் பாட்டு நாடகம் ஒன்றின் கடைசி அங்கத்தில் மரண ஊர்வலத்துக்கு மேளம் அடிப்பது என்னுடைய வேலை. மூன்றே மூன்று அடி. மூன்றாவது அடியின் வாலைப் பிடித்துக் கதாநாயகி பாடத் தொடங்குவாள்.

ஏச்சுக்காகக் காத்திருந்தேன்.

தொலைக்காட்சியில் மார்கிரட் என் கதவுப் பக்கம் பார்த்தார். "மேளம், இன்று அருமை. இப்படியே வைத்துக்கொள்ளுங்கள்" என்றார்.

மண்டபம் முழுக்கச் சிரித்தது. என்ன பகிடி! அடிக்காத மேளத்துக்குப் பாராட்டு. கிளாரினெட் வாசிக்கிற ப்ரையனின் சிரிப்பு சுவரைத் தாண்டி எனக்குக் கேட்டது. ஆனால் அந்தச் சின்னத் திரையில் எனக்குத் தெரிந்த முகத்தில் பகிடி இல்லை. எதற்காகச் சிரிக்கிறார்கள் என்று அந்த முகம் இடமும் வலமும் தேடியது. பிறகு, ஒரு மூச்சு பிந்தி, அதுவும் சிரித்தது.

என் கையில் பேனா அப்படியே நின்றது.

கொண்டக்டர்

நான் ஏன் அந்த நடையில் நின்றேன் என்பதைச் சொல்ல வேண்டும். பஸ் ஓட்டுகிறவனுக்கு ஒபராவில் என்ன வேலை என்று நீங்கள் கேட்பது நியாயம்.

எல்லாவற்றுக்கும் கௌரிதான் காரணம். என் மனைவி, ஆஸ்பத்திரித் தாதி. அவளோடு வேலை செய்கிற ஒருத்தி இழுத்துக்கொண்டு போய் அந்த ஊர் ஒபராக் குழுவின் கோரஸில் சேர்த்துவிட்டாள். சம்பளமில்லாத ஆட்கள் கூடி, வருசத்துக்கு ஒரு ஒபரா போடும் குழு. முதல் ஒத்திகை முடிந்து வந்தவள் குசினிக்குள் நின்று சொன்னாள்.

"எங்கட கொண்டக்டர் ஒரு பொம்பிளை. அறுபது தாண்டியிருக்கும்."

"லண்டனில எங்கயப்பா இப்ப கொண்டக்டர்? எல்லாரையும் வேலையால நிப்பாட்டிப் போட்டாங்கள்."

"ஐயோ! உங்களுக்கு பஸ்ஸை விட்டால் உலகத்தில வேற ஒண்டும் தெரியாதே?"

யாழ்ப்பாணத்தில் கொண்டக்டர் என்றால் ஒருவர்தான். காதில் பேனா செருகி, மிதிபலகையில் தொங்கிக்கொண்டு, மணிக் கயிற்றை இழுக்கிறவர். அந்தச் சொல் எனக்கு வேறு எங்கும் போகாது. இந்தக் கொண்டக்டரும் கயிறு இல்லாமல் ஆட்களை நிறுத்துவார், புறப்படவைப்பார் என்று கௌரி கையை வீசிக் காட்டினாள். சோறு வடிக்கும் கரண்டி கையில் இருந்தது. நிலமெல்லாம் கஞ்சி.

அவளைக் கூட்டிவரப் போகும் நாட்களில் நான் காருக்குள் இருந்து எழுதிக்கொண்டிருப்பேன். ஒரு நாள் ப்ரையன் கண்ணாடியைத் தட்டினார். ஓய்வு பெற்ற பல் வைத்தியர், குழுவின் தலைவர். பேசும்போது உங்கள் கண்ணைப் பார்க்காமல் பல்லைப் பார்ப்பார்.

"நீங்கள் டிரம் வாசிப்பீர்களாமே? எங்களுக்கு வெளியே நின்று அடிக்க ஒரு ஆள் இல்லை."

கௌரி வீரம் பேசியிருக்கிறாள். நான் எட்டு வருசம் மிருதங்கம் பழகியவன் என்பது உண்மை. லண்டனில் யாருடைய பிள்ளைக்காவது அரங்கேற்றம் வந்து, சென்னையிலிருந்து வர வேண்டியவருக்கு விசா கிடைக்காவிட்டால் என்னைக் கூப்பிடுவார்கள். அந்த அளவு வித்துவான். மூன்று அடிதானே என்று இறங்கினேன்.

ஒருவரும் என் கையோடு வருவதில்லை

முதல் ஒத்திகையில் மேளம் மார்கிரட்டின் வலப்பக்க வாசலில் இருந்தது. நான் அவருடைய கை கீழே விழுந்த கணத்தில் அடித்தேன். மயிரிழை பிசகாமல்.

அவர் நிறுத்தினார். "மேளம் முந்திவிட்டது."

இரண்டாம் தடவை. "முந்திவிட்டது."

மூன்றாம் தடவை எனக்கு ரோசம் வந்தது. எட்டு வருசமும் எனக்குச் சொல்லித் தந்தது ஒன்றுதான். தாளம் போடுகிற கை தொடையில் விழும் இடத்தில் அடி விழ வேண்டும். அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. நடையிலிருந்து வெளியே வந்து சொன்னேன். "நான் உங்கள் கையோடு சரியாக வந்தேன்."

"அதுதான் பிழை. ஒருவரும் என் கையோடு வருவதில்லை. கைக்குப் பிறகு வருகிறார்கள்."

"எவ்வளவு பிறகு? அரை இடமா, முக்கால் இடமா?" எங்கள் பாட்டில் தாளம் தொடங்கி எவ்வளவு தள்ளிப் பாட்டை எடுப்பது என்பதற்குக் கணக்கு உண்டு. கணக்குச் சொன்னால் பிடித்துவிடலாம்.

"கணக்கு இல்லை."

கணக்கில்லாத ஒன்றை மனிதன் எப்படிச் செய்வது? என் முகத்தைப் பார்த்து இடைவேளையில் தேநீரோடு வந்தார். என்ன வேலை என்று கேட்டார். சொன்னேன். எங்கள் ஊரில் கொண்டக்டர் என்றால் யார் என்றும் சொன்னேன். அவருக்கு அது மிகவும் பிடித்துவிட்டது.

"அந்தக் கொண்டக்டர் மணி அடித்ததும் பஸ் அந்தக் கணமே நகருமா?"

"இல்லை. சாரதி கண்ணாடி பார்க்க வேண்டும், கியர் போட வேண்டும். பஸ் பாரம்தானே."

"இவர்களும் பாரம்தான்" என்று வாத்தியக்காரர்களைக் காட்டினார். "நான் மணி அடிக்கிறேன். அவர்கள் கியர் போடுகிறார்கள். நீங்கள் மட்டும் பஸ்ஸை விட்டுவிட்டு மணியோடு ஓடிப்போகிறீர்கள்."

எனக்குப் புரிந்தது. கைக்குப் புரியவில்லை. வேடிக்கை என்னவென்றால், என் தொழிலில் முந்துவதுதான் பெரிய குற்றம். பிந்திய பஸ்ஸை நெரிசல் என்று மன்னிப்பார்கள். நேரத்துக்கு முன்னால் தரிப்பிடத்தை விட்டுப் போனால் கட்டுப்பாட்டு அறையிலிருந்து பஸ் வானொலியில் குரல் வரும்: ஒரு நிமிசம் நில். பயணிகள் முணுமுணுக்க, கதவைத் திறந்து வைத்துக்கொண்டு ஒன்றுமில்லாமல் நிற்பேன். பகல் முழுக்க அதைச் செய்கிறவனுக்கு மாலையில் ஒரு அரைக் கணம் நிற்கத் தெரியவில்லை.

மிச்சம் வழியாக

மார்கிரட்டின் வீடு நோர்பரியில். எங்களுடையது அதற்கு அடுத்த தோர்ண்டன் ஹீத்தில். ஒத்திகை முடிந்து மூன்று பேரும் ஒரே காரில் திரும்புவது வழக்கமாயிற்று. இடையில் மிச்சம் என்று ஒரு ஊர் வரும். தமிழர் எல்லோரும் ஒரு தடவையாவது அந்தப் பெயரை வைத்துப் பகிடி விட்டிருப்போம். எனக்கு அது பகிடி இல்லை. மிச்சத்தைத் தாண்டும்போதுதான் மார்கிரட் தன் மிச்சக் கதையைச் சொல்வார்.

அவர் எப்போதும் முன் சீட்டில்தான் ஏறுவார். கேட்கவும் மாட்டார். கௌரிக்கு அதில் ஒரு கடுப்பு.

"புருசனுக்குப் பக்கத்துச் சீட்டைக் குடுத்திட்டுப் பின்னால சாமான் மூட்டை மாதிரி இருக்கிறன்."

"வயசு போன மனுசி, விடுமப்பா."

"வயசு போனவைதான் பின்னால சாஞ்சு இருக்கிறது."

முதல் நாளே கௌரி என் பெயரைச் சொன்னபோது மார்கிரட் புருவத்தை உயர்த்தினார். "யொஹான்?" நான் யோகன். ஆனால் லண்டனுக்கு வருமுன் ஜெர்மனியில் ஒன்பது வருசம் யொஹானாக இருந்தவன். வாய் தன்பாட்டில் ஜெர்மனில் பதில் சொன்னது. அவர் காருக்குள் கைதட்டினார். அவரும் அங்கே ஒரு சிறிய நகரத்தில் எட்டு வருசம் இருந்தவர்.

அந்த மொழியிலும் எங்களைப் போலவே நீயும் உண்டு, நீங்களும் உண்டு. நான் வேலை செய்த உணவகச் சமையலறையில் எல்லோரும் என்னை நீ என்றே கூப்பிட்டார்கள். நீங்களைச் சொல்லித் தர ஒருவரும் மினக்கெடவில்லை. ஆகவே அறுபது வாத்தியக்காரர் முன்னால் நின்ற பெண்ணிடம் நான் கேட்டது, "நீ எப்ப அங்க போனாய்?"

அவர் சிரித்துக் கண்ணைத் துடைத்தார். "மேடையில் ஏறிய நாள் முதல் என்னை ஒருவரும் நீ என்றதில்லை. மாற்றாதே."

"என்னப்பா ரெண்டு பேரும் இரகசியம் கதைக்கிறியள்?" என்றாள் பின் சீட்டு.

அவருடைய கதை இதுதான். இங்கிலாந்தின் வடக்கே ஒரு மழை நகரம். தகப்பன் நகரசபைப் பூங்காவில் செடி வெட்டுகிறவர். பதினாலு வயதில் தேவாலயத்து ஓர்கனில் உட்கார்ந்திருக்கிறார். குழாய்கள் மறு கோடியில். விரல் இங்கே அமுக்கினால் ஒலி கொஞ்சம் கழித்து அங்கே எழும்பும். "தொட்டதும் கேட்கும் என்று நான் எப்போதும் எதிர்பார்த்ததில்லை" என்றார்.

பிறகு லண்டனில் படிப்பு. ஒரு பெரிய ஒபரா அரங்கில் ஒத்திகைப் பியானோ. அதாவது, வாத்தியக் குழு வருமுன் பாடகர்களுக்குப் பாட்டை ஊட்டுகிற வேலை. வெளிச்சம் விழும் நாளில் வேறொருவர் வந்து நிற்பார். ஜெர்மன் நகரத்தில் ஒரு மாலை, நடத்துநரின் கார் பனியில் புதைந்துபோக, யாரோ ஒருவரின் கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டு முதல் தடவை தானே ஏறி நின்றார். கைமடிப்பு விரலை மூடியதாம். ஒரு கையால் நடத்துவதும் மற்றக் கையால் கைமடிப்பை ஏற்றுவதுமாகவே அந்த ஒபரா முடிந்ததாம்.

லண்டனுக்குத் திரும்பியதும் சின்னப் பிள்ளைகளுக்கான கச்சேரி, ஞாயிறு பிற்பகல் சிம்பனி, வான் வண்டியில் சாமான் ஏற்றி ஊரூராகப் போகும் ஒபரா. வடக்கே ஒரு குழுவில் மூன்று பருவம் தலைமை. பெரிய அரங்குகளில் முதல் நாள் பெரிய பெயர். நாலாம் நாள் மார்கிரட். பத்திரிகைக்காரர் முதல் நாள்தான் வருவார்கள்.

இந்த ஒபராவை மட்டும் அவர் ஒருநாளும் நடத்தியதில்லை. பியானோவில் பத்துக்கு மேற்பட்ட தடவை மற்றவர்களுக்காகத் தயாராக்கியிருக்கிறார். ஒரு தடவை தலைமை நடத்துநருக்குக் காய்ச்சல். உடுப்பு அயன் பண்ணி, தலை சீவி, கையில் கோலோடு நின்றிருக்கிறார். பின்னேரம் ஐந்தரைக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது.

"ஒரு மனிதனின் சுகத்தை நான் அவ்வளவு வெறுத்ததில்லை, யொஹான்."

அதனால்தான் சம்பளமில்லாத எங்களுக்காக வந்து நின்றார். பாட்டுக்காரருக்கோ பல் வைத்தியருக்கோ அல்ல. இந்த ஒரு ஒபராவுக்காக. இரண்டு மாலை. அவ்வளவுதான் அவர் கேட்டது.

வாசல் மாறியது

இரண்டாம் மாதம் மண்டபத்துக்காரர் வந்து, தீப்பிடித்தால் வெளியேறுகிற வாசலை மேளம் மறிக்கிறது என்றார். ப்ரையன் அதை மறுபக்க நடைக்கு, மார்கிரட்டின் இடப்பக்கத்துக்கு மாற்றினார்.

அன்றிலிருந்து எனக்கு ஏச்சு விழவில்லை. நான் திருந்திவிட்டேன் என்று நினைத்தேன்.

"நீங்கள் இண்டைக்கும் முந்தித்தான் அடிச்சனியள்" என்றாள் கௌரி, மார்கிரட்டை இறக்கிவிட்ட பிறகு. "அவ ஒண்டும் சொல்லேல்லை. கதாநாயகியாய்ப் பாடுற அந்தப் பிள்ளைதான் உங்கட அடியைக் கேட்டு வெள்ளண எடுத்துப்போட்டு ஏச்சு வாங்கினது."

"அப்ப அந்தப் பிள்ளையின்ர பிழைதானே."

"உங்கட பிழையப்பா! மேளம் அடிச்சாத்தானே அது பாடும்?"

இரண்டு கிழமை இப்படியே போனது. நான் முந்துவேன், பிள்ளை முந்துவாள், ஏச்சு பிள்ளைக்கு. பிறகுதான் நான் டியூட்டி அட்டையில் மழையை எழுதிய அந்த நாள். என் அடி இல்லாததால் பிள்ளை தன்பாட்டில், வாத்தியங்களைக் கேட்டு, முதல் தடவையாகச் சரியான இடத்தில் எடுத்திருக்கிறாள். கேட்க அழகாக இருந்திருக்கிறது. மார்கிரட் மனதாரச் சொன்னார், மேளம் அருமை என்று.

அன்று ஒத்திகை முடிய ப்ரையன் என்னிடம் வந்தார். சிரிப்பு வடிந்திருந்தது. "நல்ல பகிடிதான். ஆனால் அந்தப் பிள்ளை போன கிழமை அழுதாள். பெரிய இடங்களில் இருந்தவர் என்று மார்கிரட்டைக் கூட்டி வந்தோம். இப்படியே போனால் எங்கள் ஒத்திகைப் பியானோக்காரரை நடத்தச் சொல்லிக் கமிட்டியில் கேட்கப் போகிறேன்."

நான் அவருடைய பல்லைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

நீ என்று சொன்னது

காரில் மழை. கௌரி பின்னால் கண்ணை மூடியிருந்தாள். ஆங்கிலத்தில் எனக்கு இதைச் சொல்லத் தெரியாது; அந்த மொழியில் என்னிடம் இருப்பதெல்லாம் மரியாதை. ஜெர்மனில் சொன்னேன்.

"நீ என்னுடைய மேளத்தைக் கேட்கவில்லை."

"எந்த இடத்தில்?"

"எந்த இடத்திலும். வாசல் மாறிய பிறகு ஒன்றையுமே. இன்று நான் அடிக்கவே இல்லை."



"ஆனால் நன்றாக இருந்ததே."

"அதுதான்."

சிவப்பு விளக்கில் நின்றோம். அவர் தலையை என் பக்கம் திருப்பாமலே பேசினார். அப்போதுதான் உறைத்தது: இந்த நாட்டுக் காரில் முன் சீட்டில் இருந்தால் சாரதி வலக் காதுப் பக்கம்.

"நாலு வருசம். இடது காது. வலப்பக்கம் சரிந்து படுத்தால் அலாரம் கேட்பதில்லை. வயலின்கள் அந்தப் பக்கம்தான், ஆனால் வயலினைக் கண்ணால் கேட்கிறேன். வில்லைப் பார்த்தால் போதும். எங்கள் மூத்த வயலின்காரிக்குத் தெரியும் என்று நினைக்கிறேன். கதவுக்குப் பின்னால் இருக்கிற உன்னை எதால் பார்ப்பது?"

பிறகு, "ப்ரையனிடம் சொல்லப் போகிறாயா?"

"சொல்லமாட்டேன். ஆனால் நான் முந்துகிறேன். நீ சொல்லாவிட்டால் எனக்கு யார் சொல்வது?"

"அது எனக்குத் தெரியாது, யொஹான்."

வீட்டுக்கு வந்ததும் கௌரி, "எல்லாம் சொல்லுங்கோ. நான் நித்திரை இல்லை" என்றாள். சொன்னேன். சொல்லாமல் விடுவது சரியா என்று கேட்டேன். என் கண் மங்கினால் நான் பஸ்ஸின் திறப்பைக் கழற்றிக் கொடுத்துவிட்டு இறங்க வேண்டும். அது சட்டம், அது நியாயமும் கூட.

"காது கேக்காட்டி ஆரும் சாகப் போறேல்லை. பாட்டுத்தானப்பா" என்றாள் தாதி. கொஞ்சம் கழித்து, "ஆனா அந்தப் பிள்ளை எங்களால ஏச்சு வாங்க ஏலாது. அதை நாங்கள்தான் சரிப்படுத்த வேணும்."

செத்தவீட்டு மேளம்

இங்கே ஒன்றைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. அந்த நாட்களில் வெஸ்ட் ஈலிங் கோயிலில் அன்னதான வரிசையில் நிற்க, பழைய சிநேகிதர் ஒருவர் முதுகில் தட்டினார். "என்ன யோகன், நீர் இப்ப வெள்ளைக்காரற்ர செத்தவீட்டுக்கு மேளம் அடிக்கிறீராம்?" வரிசை சிரித்தது. நானும் சிரித்தேன்.

அந்தச் சிரிப்பின் பொருள் வரிசையில் நின்ற எல்லோருக்கும் தெரியும். சாவுக்கு அடிக்கிற மேளத்தை எங்கள் ஊரில் ஒரு சாதியின் தோளில் போட்டோம். அடிக்கிறவனை வாசலுக்கு அப்பால் நிறுத்தினோம். இப்போது கதவுக்கு வெளியே நிற்பது நான். அங்கே நின்று கேட்டால் உள்ளே நடப்பது வேறு மாதிரிக் கேட்கிறது. கூர்மையாகக் கேட்கிறது. இதை அறிய எனக்கு நாற்பத்தெட்டு வயதும் ஒரு இத்தாலிய ஒபராவும் வேண்டியிருந்தன.

அது இரண்டாயிரத்து ஒன்பது. அந்த வசந்த காலத்தில் எங்கள் ஆட்கள் எத்தனை பேர் ஒரு மேளமும் இல்லாமல், ஒரு முற்றமும் இல்லாமல் போனார்கள் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கோடையில் கௌரியின் தமையன் முகாமிலிருந்து எடுத்த தொலைபேசியில் பெயர்களை வாசித்தார். கௌரி ஒவ்வொன்றுக்கும் "ஓம்... ஓம்..." என்று மட்டும் சொன்னாள். இலையுதிர் காலத்தில் அவள் மேடையில் நின்று வாய் மூடி முனக, நான் வெளியே நின்று மூன்று அடி அடித்தேன். யாருக்கு என்று ஒருவரும் எங்களைக் கேட்கவில்லை.

அரிசி வாளி

வழி கண்டுபிடித்ததும் கௌரிதான்.

"நீங்கள் அந்தத் தொலைக்காட்சியைப் பாக்காதேங்கோ. கதவு நீக்கலுக்குள்ளால என்ர முதுகைப் பாருங்கோ. நான் மூச்செடுக்கேக்க தோள் எழும்பும். விடேக்க இறங்கும். இறங்கேக்க அடியுங்கோ."

"கொண்டக்டரின்ர கையைப் பாக்காமல் பெண்சாதியின்ர முதுகைப் பாக்கிறதோ?"

"இருவது வருசமாய் முகத்தைப் பாத்து என்ன கண்டனியள்?"

குசினியில் ஒத்திகை. அவள் பாத்திரம் கழுவியபடி முனகுவாள். நான் அரிசி வாளியைக் கவிழ்த்துவைத்து அவள் தோளைப் பார்த்துக்கொண்டிருப்பேன். முதல் நாள் முந்தினேன். இரண்டாம் நாள் பக்கத்து வீட்டுக்காரி சுவரில் இடித்தாள். "அவவே உங்களை விடச் சரியா அடிக்கிறா" என்றாள் கௌரி. ஐந்தாம் நாளோ ஆறாம் நாளோ, தோள் இறங்கியது, அடி விழுந்தது, கௌரி திரும்பவில்லை. பீங்கானைக் கழுவிக்கொண்டே இருந்தாள். அதுதான் சரியான இடம் என்று விளங்கிக்கொண்டேன்.

அடுத்த ஒத்திகையில் பிள்ளை சரியாக எடுத்தாள். அதற்கடுத்ததிலும். ப்ரையன் கமிட்டிக் கதையை எடுக்கவில்லை.

முதல் மாலை ஒரு வெள்ளிக்கிழமை. பிசகில்லாமல் நடந்தது. எங்கள் ஏற்பாட்டை மார்கிரட்டிடம் சொல்லியிருந்தோம்; திரை விழுந்ததும் அவர் கௌரியைத் தேடி வந்தார்.

"மேளம் வந்ததா?"

"வந்தது. வடிவாய் வந்தது."

"எல்லோரும் கேட்டிருக்கிறார்கள்" என்றார். "என்னைத் தவிர."

சனிக்கிழமை

இரண்டாவது மாலை, கடைசி அங்கம். கோரஸ் வாய் மூடி முனகத் தொடங்கியது. நான் கதவு நீக்கலில் கண்ணை வைத்தேன். கறுப்புச் சட்டை போட்ட கௌரியின் முதுகு. மேளக் கோலை உயர்த்தினேன்.

தோள் எழும்பியது. இறங்கவில்லை.

மேடையில் இருந்த எல்லாத் தோள்களும் அப்படியே நின்றன. என்ன நடந்தது என்று தொலைக்காட்சியைப் பார்த்தேன். அதில் கை இல்லை. முகம் இல்லை. நரைத்த பின்தலையும் ஒரு கொண்டை ஊசியும். மார்கிரட் வாத்தியக் குழுவுக்கு முதுகைக் காட்டி, சபையைப் பார்த்துத் திரும்பி நின்றார். கை இரண்டும் கீழே.

பிறகு விளங்கியது. அப்படித் திரும்பி நின்றால்தான் அவருடைய வலக் காது என் கதவுப் பக்கம் வரும்.

வயலின்கள் நிற்கவில்லை. மூத்த வயலின்காரி தன் வில்லால் அவர்களைக் கொண்டுபோவது சத்தத்திலேயே தெரிந்தது. எனக்குக் கையும் இல்லை, தோளும் இல்லை. கணக்கும் இல்லை. வானொலியில் குரலும் வரவில்லை. எதை வைத்து அடித்தேன் என்று இன்றைக்கும் சொல்லத் தெரியாது. அடித்தேன். அந்தச் சத்தம் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனது. இரண்டாவதும் அடித்தேன். கௌரியின் தோள் இறங்கியது. மூன்றாவதும். அதன் வாலைப் பிடித்துப் பிள்ளையின் குரல் ஏறியது.

திரையில் மார்கிரட் திரும்பினார். வயலின்கள் நிமிரும் இடத்துக்கு அவருடைய கை தயாராக வந்து நின்றது. நனைந்த கன்னத்தைத் துடைக்க அந்தக் கைக்கு நேரமில்லை.

திரும்பி நின்ற நேரத்தில் அந்த முகம் எப்படி இருந்தது என்று எங்களில் ஒருவருக்கும் தெரியாது. மேடையில் இருந்தவர்களும் முதுகைத்தான் பார்த்தார்கள். சபை மட்டும் பார்த்தது. டிக்கெட் எடுத்து வந்த, பெயர் தெரியாத ஆட்கள்.

கைதட்டல் ஓயுமுன்பே ப்ரையன் நடைக்குள் வந்தார். கிளாரினெட்டைக் கழற்றாமல் கையில் பிடித்திருந்தார்.

"அவருக்குக் கேட்காது. அந்தப் பக்கம். இல்லையா?"

"ஓம்" என்றேன். ஆங்கிலம் வரவில்லை. அவருக்கு விளங்கியது.

"எனக்குத் தெரிந்திருந்தால் நிறுத்தியிருப்பேன்."

"தெரியும்."

"நிறுத்துவது சரியாகவும் இருந்திருக்கும்."

"ஓம்."

அவர் மடக்குக் கதிரை ஒன்றை விரித்து உட்கார்ந்தார். என்னுடைய பல்லைப் பார்க்கவில்லை. கொஞ்ச நேரம் வாத்தியத்தைத் துணியால் துடைத்தார். பிறகு எழுந்துபோய் மார்கிரட்டுக்குப் பூங்கொத்தைக் கொடுத்தார். அந்தக் குழுவும் அவரைத் திரும்பக் கூப்பிடவில்லை, வேறு குழுக்களும் கூப்பிடவில்லை. அவரும் கேட்கவில்லை.

காரில் பூங்கொத்து பின் சீட்டில் கௌரியின் மடியில். மிச்சம் வந்தது, போனது. அடி எப்படி இருந்தது, இடத்துக்கு வந்ததா என்று கேட்க நாக்கு துடித்தது. கேட்கப் பயமாகவும் இருந்தது. நோர்பரி விளக்கில் நின்றபோது அவராகவே தொடங்கினார், ஜெர்மனில்.

"உன் மூன்றாவது அடிக்குப் பிறகு ஒருவர் இருமினார்."

"எனக்குக் கேட்கவில்லை."

"உன் கதவுக்குக் கிட்ட, நாலாம் வரிசையாக இருக்கும். வயதான ஆண். இருமலை அடக்கப் பார்த்தார், முடியவில்லை. அவருக்குப் பக்கத்தில் யாரோ இனிப்புக் கடதாசியைப் பிரித்தார்கள். மெதுவாக, சத்தம் வரக்கூடாது என்று."

விளக்கு பச்சையானது. பின்னால் ஒரு கார் ஹோர்ன் அடித்தது. நான் கியர் போடவில்லை.

"அந்தப் பக்கத்தில் ஆட்கள் இருந்தார்கள், யொஹான்" என்றார்.